ராஜகுமாரி யாருடைய கனவும் இல்லை

டி.ஆர்.ராஜகுமாரியைப் பற்றி எழுத உட்காருகிறவர்கள் எல்லோரும் ஒரே கட்டுரையைத்தான் எழுதுகிறார்கள். தீபாவளி மலரானாலும் சரி, பழைய படங்களைப் பேசும் யூடியூப் சேனலானாலும் சரி, மயிலாப்பூரில் நாலு பேர் கூடிப் பழைய பாட்டு கேட்கிற சாயங்காலமானாலும் சரி, வரிசை மாறாது. தமிழ் சினிமாவின் முதல் கனவுக்கன்னி. காந்தக் கண்கள். ‘ஹரிதாஸ்’ படத்தில் நாயகன் பாகவதரை நோக்கிப் பறக்கவிட்ட முத்தம். ‘சந்திரலேகா’ முரசு நடனம். பிறகு வயது ஏறியது, வில்லி ஆனார், ஒதுங்கினார், நாம் மறந்தோம். ஒரு பெருமூச்சு, முற்றும்.

இதில் ஒரு தகவலும் பொய் இல்லை. அதுதான் தொல்லை. உண்மையான தகவல்களைக் கோத்து ஒரு பொய்யான ஆளைச் செய்து வைத்திருக்கிறோம். அந்த ஆள் தற்செயலாகக் கிடைத்தவர், பிறர் படங்களில் ஜொலித்தவர், அழகு தீர்ந்ததும் முடிந்துபோனவர். இந்த மூன்றையும் நான் மறுக்கிறேன்.

எதிர்த்தரப்பின் வாதத்தை அதன் முழுப் பலத்தோடு முதலில் சொல்லிவிடுவது முறை. 1940களின் தமிழ் சினிமா ஸ்டூடியோ முதலாளிகளின் ராஜ்யம். எந்தக் கதை, யார் நாயகன், யார் நாயகி என்பதெல்லாம் அவர்கள் தீர்மானம். அந்த ஏற்பாட்டில் ஒரு நடிகைக்குத் தனியாக ஒரு தொழில் வரலாறு இருக்க இடமில்லை. ‘ஹரிதாஸ்’ பாகவதர் படம், ‘சந்திரலேகா’ ஜெமினி முதலாளி வாசன் படம், ‘மனோகரா’ கலைஞர் வசனப் படம். பாட்டென்றால் கே.பி.சுந்தராம்பாள் இருந்தார். வசனம் என்றால் கண்ணாம்பா. எல்லாம் தெரிந்தவர் என்றால் பானுமதி. இவர்களுக்கு நடுவில் ராஜகுமாரியிடம் மிஞ்சியது அழகு, அதைத்தான் பேசுகிறோம், இதில் என்ன அநியாயம்? சினிமா வரலாறு நன்றாகத் தெரிந்தவர்களே இப்படிச் சொல்கிறார்கள். முட்டாள்தனமான வாதம் இல்லை. ஆனால் எங்கே கை வைத்தாலும் பிய்ந்து வருகிறது.

ஒன்று. கண்டெடுத்தார்களாம், யாரை?

கதை எல்லோருக்கும் மனப்பாடம். டைரக்டர் கே.சுப்பிரமணியம் நடிகை எஸ்.பி.எல்.தனலட்சுமியின் வீட்டுக்குப் போகிறார். அங்கே வளையவந்த கறுத்த பெண் ஒருத்தியை வேலைக்காரி என்று நினைக்கிறார். அப்புறம் கண்களைக் கவனிக்கிறார். அவ்வளவுதான், ‘கச்ச தேவயானி’ (1941) படத்துக்கு நாயகி கிடைத்துவிட்டார். சொல்பவருக்கேற்ப அவள் கையில் காபி தம்ளர் வரும் போகும். வேலைக்காரி மட்டும் போவதே இல்லை.

இந்தக் கதை நம்பக்கூடியதா என்பது என் கேள்வி இல்லை. நடந்தே இருக்கட்டும். இது எதை மறைக்கிறது என்பதுதான் கேள்வி. தஞ்சாவூரில் ராஜாயி என்ற பெயரில் 1922-இல் பிறந்த அந்தப் பெண், பாட்டையும் நடனத்தையும் பரம்பரைத் தொழிலாகக் கொண்ட குடும்பத்தில் வளர்ந்தவர். பாட்டி குஜலாம்பாள் பெயர் பெற்ற பாடகி. சித்தி தனலட்சுமி ஏற்கெனவே சினிமா நடிகை. ராஜாயியே ‘குமார குலோத்துங்கன்’ முதலான படங்களில் கேமராவுக்கு முன்னால் நின்றாயிற்று, படங்கள்தான் எடுபடவில்லை. ஆக, சுப்பிரமணியம் அன்று நுழைந்தது ஒரு தொழிற்கூடத்துக்குள். அங்கே பல ஆண்டு பயிற்சியோடு இருந்த ஒரு கலைஞரை அவர் வேலைக்கு எடுத்தார். தேர்ந்த கண் அவருக்கு, சந்தேகமே இல்லை. ‘பாலயோகினி’யில் பேபி சரோஜாவையும் ‘சேவாசதன’த்தில் எம்.எஸ்.சுப்புலட்சுமியையும் திரைக்குக் கொண்டுவந்தவர். ஆனால் தேர்ந்தெடுப்பது வேறு, தெருவில் கிடந்ததை எடுத்துத் துடைப்பது வேறு.

சிவாஜி கணேசன் ‘பராசக்தி’க்கு (1952) வந்த கதையை நாம் எப்படிச் சொல்கிறோம் என்று யோசித்துப் பாருங்கள். சிறு வயதில் நாடகக் கம்பெனி, பெண் வேடம், வருஷக்கணக்கான பாய்ஸ் கம்பெனிப் பயிற்சி, சிவாஜி வேடத்தைப் பார்த்துப் பெரியார் சூட்டிய பெயர், தயாரிப்பாளர் பெருமாள் முதலியாரின் பிடிவாதம். எல்லாம் முறையாகச் சொல்லிவிட்டுத்தான் படத்துக்கே வருவோம். ஆணுக்குக் குருகுலம், பெண்ணுக்குக் காபி தம்ளர். இந்த ஓரவஞ்சனையைச் செய்துவிட்டு, ‘அவரிடம் அழகைத் தவிரச் சொல்ல என்ன இருக்கிறது’ என்று கேட்பது நியாயமே இல்லை. சொல்ல வேண்டியதை முதல் பாராவிலேயே வெட்டிவிட்டவர்கள் நாம்தான்.

கறுப்பு விஷயம் இன்னொன்று. ‘கறுப்பாக இருந்தும்’ என்று பாராட்டாகத்தான் எழுதுகிறார்கள். எண்பது வருஷமாக அந்த ‘இருந்தும்’ அப்படியே இருக்கிறது. இதற்கு மேல் அதில் நேரம் செலவழிக்க எனக்கு விருப்பமில்லை.

இரண்டு. யாருடைய வெளிச்சத்தில் மின்னினார்?

பாகவதரின் ஜோடி என்கிறார்கள். கணக்கைப் பார்ப்போம். பாகவதரோடு அவர் நடித்தவற்றில் பெயர் நின்றவை ‘சிவகவி’ (1943), ‘ஹரிதாஸ்’ (1944), பிற்பாடு வந்த ‘அமரகவி’ (1952). இந்தப் பக்கம் பி.யு.சின்னப்பாவோடு ‘மனோன்மணி’, ‘குபேர குசேலா’, ‘பங்கஜவல்லி’, ‘கிருஷ்ணபக்தி’, ‘வனசுந்தரி’ என்று பட்டியல் அதைவிட நீளம். அதிலும் ‘மனோன்மணி’ (1942) சுந்தரம் பிள்ளையின் செய்யுள் நாடகம். மாடர்ன் தியேட்டர்ஸ் டி.ஆர்.சுந்தரம் பெரும் செலவில் எடுத்த படம். அதில் தலைப்புப் பாத்திரமே ராஜகுமாரிதான். சின்னப்பாவோடு சேர்ந்து பாடியும் இருக்கிறார். ‘ஹரிதாஸ்’ வருவதற்கு இரண்டு ஆண்டு முன்பே அவர் நட்சத்திரம்.

வாதத்தைச் சோதிக்கக் காலமே ஒரு பரீட்சை வைத்தது. 1944 தீபாவளிக்கு ‘ஹரிதாஸ்’ வந்தது, பிராட்வே தியேட்டரில் மூன்று தீபாவளி கண்டது. படம் வந்த மறு மாதம் பத்திரிகையாளர் லட்சுமிகாந்தன் கொலை. ஆண்டு முடிவதற்குள் அந்த வழக்கில் பாகவதர் கைதானார், 1947 வரை சிறை. இவர் அவருடைய வெளிச்சத்தில் மின்னியவர் என்றால் அப்போது இருண்டிருக்க வேண்டும். நடந்தது என்ன? பாகவதர் நடிக்க வேண்டிய இடத்தில் ஹொன்னப்ப பாகவதர் நடித்த ‘வால்மீகி’யில் (1946) ராஜகுமாரி இருந்தார். ‘விகடயோகி’யில் இருந்தார். வாசனின் மிகப் பெரிய சூதாட்டத்தில் நடுக்காயாகவும் இருந்தார். பாகவதர் விடுதலையாகி வந்தபோது ஜனம் மாறிப்போயிருந்தது, அவரால் பழைய இடத்தைப் பிடிக்க முடியவில்லை. ராஜகுமாரி இடத்தை விட்டு நகரவே இல்லை. யார் யாருடைய நிழல் என்று இதற்குப் பிறகும் கேட்க வேண்டுமா?

அந்தச் சூதாட்டம் ‘சந்திரலேகா’. 1948 ஏப்ரலில் வந்தது. எடுத்து முடிக்க ஐந்தாண்டு ஆனது, முப்பது லட்சம் விழுங்கியது என்பார்கள். வாசனின் துணிச்சலை நான் குறைக்கவில்லை. ஆனால் முரசு நடனத்தைச் செட் போட்டவர்களின் சாதனையாக மட்டும் பேசுகிறவர்கள் கதையை ஒரு தடவை பார்க்கட்டும். கோட்டையில் சிறைப்பட்ட சந்திரலேகா, கொடியவன் சசாங்கனை மணக்கச் சம்மதிப்பதாக நடிக்கிறாள். ஒரே நிபந்தனை, முரசு நடனம் வேண்டும். முரசுகளுக்குள் இருப்பது படை. அதாவது படத்தின் போர்த் தந்திரமே நாயகியுடையது. இளவரசன் எம்.கே.ராதாவின் வாள்வீச்செல்லாம் அதற்கு அப்புறம். தமிழில் இப்படி ஒரு நாயகியை மையமாக வைத்து அத்தனை பணத்தை ஒரு முதலாளி இறக்கினார் என்றால், கண்ணழகை மட்டும் நம்பி இறக்கியிருப்பாரா? முதலில் அந்த வேடத்துக்கு நினைத்தது கே.எல்.வி.வசந்தாவை. அவர் ஜெமினியை விட்டுப் போனபின் ராஜகுமாரிக்கு வந்தது. வாசனுக்குக் கணக்குத் தெரியும். ஐந்து ஆண்டு இழுத்தடிக்கும் படப்பிடிப்பில் சோர்வில்லாமல் நிற்கக்கூடிய, ஆடவும் பாயவும் வசனம் பேசவும் கூடிய தொழிலாளி வேண்டும். அந்த ஆண்டுக் கடைசியில் அதே படம் இந்தியில் வட இந்தியா முழுக்கப் போனபோதும் திரையில் இருந்தது இவர்தான்.

மூன்று. தாசியாக நடித்தவரைப் பற்றி இவ்வளவு வசதியாக எப்படி மௌனம் சாதிக்கிறோம்?

‘சிவகவி’யில் நாயகி ஜெயலட்சுமி. ‘ஹரிதாஸ்’ படத்தில் மனைவி என்.சி.வசந்தகோகிலம். இரண்டிலும் ராஜகுமாரி ஆடிப் பாடி நல்லவனைக் கெடுக்கப் பார்க்கும் பெண். ‘கிருஷ்ணபக்தி’யிலும் ஆடல் மகளே. இதைக் ‘கவர்ச்சி வேடம்’ என்று ஒரு வரியில் தாண்டிப் போகிறார்கள். தாண்டக் கூடாத இடம் இது.

அதே ஆண்டுகளில் இந்த ஊரில் என்ன நடந்துகொண்டிருந்தது? 1936-இல் ருக்மிணி தேவி அடையாற்றில் கலாக்ஷேத்ராவைத் தொடங்கினார். சதிர் பரதநாட்டியமாகிப் ‘பெரிய வீட்டு’ப் பெண்களின் கூடத்துக்குப் போனது. அதே அடையாற்றில் முத்துலட்சுமி ரெட்டியின் அவ்வை இல்லம் ஆதரவற்ற பெண்களுக்குக் கதவைத் திறந்து வைத்திருந்தது. அவர் 1920களின் இறுதியிலிருந்து போராடிய தேவதாசி ஒழிப்பு, 1947-இல் சென்னை மாகாணச் சட்டமாயிற்று. முத்துலட்சுமியின் போராட்டம் நியாயமானது, அதில் எனக்குக் கேள்வியே இல்லை. ஆனால் பெண்களுக்குப் பொட்டுக்கட்டு நின்றபோது கையிலிருந்த தொழிலும் போயிற்று. ஆடத் தெரிந்த, பாடத் தெரிந்த, சபையைக் கண்டு கூசாத அந்தப் பெண்கள் எங்கே போனார்கள்? ஒரு பகுதியினர் சினிமாவுக்குப் போனார்கள். சினிமா அவர்களுடைய வித்தையை வாங்கிக்கொண்டது. வாங்கிக்கொண்டு, அவர்களுடைய பாட்டிமாரைக் குடும்பத்தைக் கெடுக்கும் தாசிகளாக எழுதி, அந்த வேடத்தை அவர்களிடமே கொடுத்து நடிக்கச் சொன்னது.

ராஜகுமாரி நடித்தார். எப்படி நடித்தார் என்பதில்தான் அவருடைய கலை இருக்கிறது. ‘ஹரிதாஸ்’ திரைக்கதை அவர் ஏற்ற ரம்பாவைத் தண்டிக்க நினைத்தது. மூன்று தீபாவளிக்கும் திரும்பத் திரும்ப டிக்கெட் வாங்கிய ஜனம் மனதில் வைத்துக்கொண்டது ரம்பாவைத்தான். பதிவிரதை மனைவியின் முகத்தை இன்று எத்தனை பேர் நினைவு சொல்வார்கள்? எழுதிய நீதியை ஒரு நடிகை தன் உடல்மொழியால் தலைகீழாக்கிக் காட்டினார் என்றால் அதற்கு நடிப்பு என்றுதான் பெயர். அபிநயம் வாழையடி வாழையாக வந்த வீட்டுக்கு ஒரு பார்வையை எங்கே தொடங்கி எங்கே நிறுத்துவது என்று யாரும் சொல்லித்தர வேண்டியதில்லை. ‘காந்தக் கண்கள்’ என்று நாம் பிறவி அதிசயம்போல வியப்பது பயிற்சியின் விளைவு.

இங்கே ஒரு ஒப்பீட்டைத் தவிர்க்க முடியாது. எம்.எஸ்.சுப்புலட்சுமி, மதுரை வீணை சண்முகவடிவின் மகள். அவரும் இசைத்தொழில் வீடு. அவரையும் சினிமாவில் நிறுத்தியவர் அதே கே.சுப்பிரமணியம், 1938-இல். ‘சகுந்தலை’, ‘சாவித்திரி’, ‘மீரா’ என்று சில படங்கள், பின் சினிமாவை விட்டார். 1968-இல் சங்கீத கலாநிதி, 1998-இல் பாரத ரத்னா. மார்கழி வந்தால் மயிலாப்பூரில் எம்.எஸ். பெயர் உச்சரிக்காத சபா கிடையாது. உச்சரிக்கட்டும், அந்தக் குரலுக்கு எவ்வளவு சொன்னாலும் தகும். ஆனால் கவனித்துப் பாருங்கள். ஒருவரைத் தெய்வமாக்கினோம், இன்னொருவரைக் கனவாக்கினோம். தெய்வத்துக்கும் சாதகம் செய்ய வேண்டியதில்லை, கனவுக்கும் ஒத்திகை கிடையாது. இரண்டு வழியிலும் அந்தப் பெண்கள் பாடுபட்டுக் கற்ற தொழில் கண்ணில் படாமல் போகிறது. வந்த வீட்டைப் பற்றிப் பேசவும் அவசியமில்லாமல் போகிறது. இந்த மௌனம் யாருக்கு வசதி என்று கேட்டால் சிலருக்குக் கோபம் வருகிறது. கோபம் பதிலாகாது.

நான்கு. ‘வில்லியாக இறங்கினார்.’ இறங்கினாரா, இறக்கப்பட்டாரா?

எம்.ஜி.ஆர். பிறந்தது 1917. ராஜகுமாரி பிறந்தது 1922. ஐந்து வயது சின்னவர். 1953-இல் ‘அன்பு’ படத்தில் ராஜகுமாரி சிவாஜிக்குச் சிற்றன்னை, வயது 31. அடுத்த ஆண்டு ‘மனோகரா’வில் அரசனை ஆட்டிவைக்கும் வசந்தசேனை. 1963-இல் ‘வானம்பாடி’யோடு அவர் ஒதுங்கியபோது வயது 41. அந்த ஆண்டு 46 வயது எம்.ஜி.ஆர். மரத்தைச் சுற்றிக் காதலித்துக்கொண்டிருந்தார். இன்னும் பதினைந்து ஆண்டு காதலித்தார். ஆகவே ‘வயதாகிவிட்டது’ என்பதை இயற்கை விதிபோல யாரும் என்னிடம் சொல்ல வேண்டாம். அந்த விதி ஒரு பாலுக்கு மட்டும் பொருந்துகிறது.

போகட்டும். கிடைத்த வேடத்தில் என்ன செய்தார்? ‘மனோகரா’வில் கண்ணாம்பாவின் கர்ஜனைக்கும் சிவாஜியின் சங்கிலிக்கும் கைதட்டுகிறோம். அந்தக் கர்ஜனை யாரை எதிர்த்து? வசந்தசேனையின் அலட்சியமான புன்னகை இல்லாவிட்டால் கண்ணாம்பா ஏற்ற பத்மாவதியின் பொறுமை வெடிப்பதற்குக் காரணமே இல்லை. எல்லோரும் உரக்கப் பேசும் ஒரு படத்தில் குரலை உயர்த்தாமல் பகையை நிறுத்திக் காட்டியவர் அவர். இதை வீழ்ச்சி என்று அழைப்பவர்கள், நம்பியாருக்கும் வீரப்பாவுக்கும் அதே வேலைக்குப் புகழாரம் சூட்டுகிறவர்கள்தான்.

ஐந்து. படக் கம்பெனி தம்பியுடையது, இவர் பெயர் மட்டும் கொடுத்தார் என்ற பேச்சு.

இதைத்தான் நான் ரொம்ப ரசிக்கிறேன். ஆர்.ஆர்.பிக்சர்ஸ் அக்கா ராஜகுமாரியும் தம்பி டி.ஆர்.ராமண்ணாவும் சேர்ந்து எழுப்பிய நிறுவனம். ராமண்ணா ஒலிப்பதிவுத் துறையிலிருந்து டைரக்‌ஷனுக்கு வந்தவர். 1954-இல் அவர்கள் எடுத்தது ‘கூண்டுக்கிளி’. எம்.ஜி.ஆரும் சிவாஜியும் சேர்ந்து நடித்த ஒரே படம். இன்று அந்த ஒரு வரிக்காகவே வினாடி வினாவில் வரும் படம். அப்போது ஓடவில்லை. ரசிகர்கள் இரண்டு கட்சியாகப் பிரிந்து நிற்கத் தொடங்கிய நேரம், விந்தனின் கதையும் விசிலடிக்கிற ஜாதி இல்லை. அப்படியொரு அடி விழுந்தால் புதிய கம்பெனிகள் பெரும்பாலும் பெட்டியைக் கட்டும். இவர்கள் மறு ஆண்டே ‘குலேபகாவலி’ எடுத்தார்கள். எம்.ஜி.ஆர். நாயகன், ஜி.வரலட்சுமியும் ராஜசுலோசனாவும் உண்டு. ராஜகுமாரி தனக்கு எடுத்துக்கொண்டது பகடையாட்டத்தில் ஆண்களைத் தோற்கடித்து அடிமையாக்கும் பெண்ணின் வேடம். படம் சக்கைப்போடு போட்டது. சொந்தக் கம்பெனிப் படத்தில், 33 வயதில், நாயகி இடத்தை இளையவர்களுக்கு விட்டுவிட்டுத் தனக்குப் பொருத்தமான இடத்தில் உட்காரத் தெரிந்தவர் அவர். நாற்பது தாண்டிய ஆண் தயாரிப்பாளர்-நாயகர்களில் எத்தனை பேருக்கு அந்தத் தெளிவு இருந்தது?

‘நிர்வாகம் தம்பி பார்த்தார்’ என்கிறார்களே, இருக்கட்டும். எம்ஜியார் பிக்சர்ஸில் அண்ணன் சக்கரபாணி இருந்தார், அலுவல்களை ஆர்.எம்.வீரப்பன் பார்த்தார். அதனால் ‘நாடோடி மன்னன்’ எம்.ஜி.ஆரின் துணிச்சல் இல்லை என்று யாராவது சொன்னதுண்டா? சிவாஜியின் கால்ஷீட்டையும் பணத்தையும் தம்பி சண்முகம்தான் கவனித்தார். அதனால் சிவாஜி பிலிம்ஸ் சிவாஜியுடையது இல்லை என்று ஆகிவிடுமா? ஆணின் கம்பெனியில் உடன்பிறந்தவர் வேலை பார்த்தால் அது குடும்ப பலம். பெண்ணின் கம்பெனியில் உடன்பிறந்தவர் வேலை பார்த்தால் அவள் பொம்மை. இந்தத் தராசை வைத்துக்கொண்டு எந்தப் பெண்ணையும் முதலாளியாக எடை போட முடியாது. ராமண்ணா திறமையான டைரக்டர், அதை நிரூபிக்க அவருடைய அறுபதுகளின் எம்.ஜி.ஆர். படங்களே போதும். ஆனால் ஐம்பதுகளின் தொடக்கத்தில் பைனான்சியரும் விநியோகஸ்தரும் கதவைத் திறந்தது யார் முகத்துக்கு? அப்போது சந்தையில் மதிப்பிருந்த பெயர் அக்காவுடையது.

இந்தப் பேச்சுக்கு இன்னொரு விளைவும் உண்டு. டி.பி.ராஜலட்சுமி 1936-லேயே ‘மிஸ் கமலா’வைத் தானே எழுதி, தயாரித்து, இயக்கியவர். அவரை ‘முதல் பேசும்பட நாயகி’ என்று அடைத்துவிட்டோம். ராஜகுமாரியைக் ‘கனவுக்கன்னி’ என்று அடைத்துவிட்டோம். பிறகு கருத்தரங்கு போட்டு, ‘தமிழ் சினிமாவில் பெண்கள் ஏன் கேமராவுக்குப் பின்னால் வரவில்லை’ என்று கன்னத்தில் கை வைத்துக்கொள்கிறோம். வந்தவர்களை முன்னால் தள்ளி நிறுத்திப் படம் பிடித்தது நாம்.

ஆறு. தியேட்டர் என்ன நகையா?

பாண்டி பஜாரில் ராஜகுமாரி தியேட்டர் இருந்தது. தி.நகரில் அறுபது வயது தாண்டியவர்களுக்கு அது ஒரு பஸ் அடையாளம். கட்டுரைகளில் அது நட்சத்திரத்தின் ஆடம்பரமாக, பங்களா கார் வரிசையில் வரும். அபத்தம். தியேட்டர் கட்டுவது சினிமாத் தொழிலின் மூன்றாவது கைக்குப் போவது. முதல் கை நடிப்பு. ஒரு படத்துக்கு ஒரு சம்பளம், அத்தோடு சரி. இரண்டாவது கை தயாரிப்பு. ஓடினால் லாபம், ஓடாவிட்டால் கடன். மூன்றாவது கை திரையிடல். எந்தப் படம் ஓடினாலும் ஓடாவிட்டாலும், யார் நடித்தாலும், நாலு காட்சிக்கும் கவுன்டரில் ரொக்கம் விழும். அந்த ரொக்கத்திலிருந்துதான் விநியோகஸ்தருக்கும் தயாரிப்பாளருக்கும் பங்கு பின்னோக்கிப் போகும். இந்தச் சங்கிலியில் எந்த முனையில் நின்றால் பாதுகாப்பு என்று ராஜகுமாரிக்குத் தெரிந்திருந்தது. தன் முகத்தைப் பிறர் டிக்கெட்டாக விற்ற இருபது ஆண்டுத் தொழிலில் அவர் கற்றது அது. சினிமாவில் சம்பாதித்து சினிமாவிலேயே விட்ட பெரிய ஆண்களின் பட்டியலை இந்த இடத்தில் நான் போடப் போவதில்லை. வாசகர்களுக்கே தெரியும்.

தியேட்டர் இன்று இல்லையே என்பார்கள். சபையர் இருக்கிறதா? வெலிங்டன், சித்ரா, கெயிட்டி இருக்கின்றனவா? அதே பாண்டி பஜார்ப் பக்கம் நாகேஷ் கட்டிய தியேட்டர் இருக்கிறதா? தி.நகரில் ஒரு கிரவுண்டு நிலத்தின் விலை எங்கே போய் நிற்கிறது என்று பார்த்தால், தியேட்டர்கள் ஏன் போயின என்பதற்குக் கண்ணீர் தேவைப்படாது. கடைசிவரை நிற்காத எதையும் சாதனை இல்லை என்று தள்ளினால் சென்னை சினிமா வரலாற்றில் ஒரு கட்டடமும் மிஞ்சாது.

இதைவிட எனக்கு உறுத்துவது ஒன்று உண்டு. தி.நகரில் ஆற்காடு தெருவில் எம்.ஜி.ஆர். நினைவு இல்லம் இருக்கிறது. தெற்கு போக் ரோடு செவாலியே சிவாஜி கணேசன் சாலை ஆயிற்று. ஹென்ஸ்மன் ரோடு கண்ணதாசன் சாலை ஆயிற்று. மூவருமே அந்தப் பெருமைக்குத் தகுதியானவர்கள். மூவரில் முதல் இருவர் ராஜகுமாரியின் கம்பெனிப் படத்தில் நடித்துச் சம்பளம் வாங்கியவர்கள். மூன்றாமவர் தயாரித்த ‘வானம்பாடி’தான் ராஜகுமாரி கடைசியாக நடித்த படம். எனக்குத் தெரிந்து இந்தப் பேட்டையில் அவர் பெயர் தாங்கி நின்ற ஒரே இடம் அவருடைய சொந்தக் காசில் கட்டியது. அவரும் தெருப் பெயருக்கு மனுப் போட வேண்டும் என்று நான் சொல்லவில்லை. கார்ப்பரேஷன் போர்டில் இடம் கிடைப்பதற்கும் சினிமாவில் எதைச் சாதித்தார் என்பதற்கும் தொடர்பில்லை என்பதை மட்டும் ஒப்புக்கொள்ளுங்கள்.

ஏழு. ‘அப்படியானால் ஏன் மறந்தோம்?’

தகுதி இல்லாததால் மறந்தோம் என்பது இதன் உட்பொருள். பதில் வேறு. நடிகையின் கதையை நமக்கு ஒரு மாதிரிதான் கேட்கத் தெரியும். ஏறினாள், மின்னினாள், யாரையோ நம்பினாள், இழந்தாள், தனியாகச் செத்தாள். ஹபிபுல்லா ரோட்டில் கொடிகட்டி வாழ்ந்த சாவித்திரியின் கதையை நாம் திரும்பத் திரும்பக் கேட்பதும், 2018-இல் அது படமாகி ஓடியதும் அதனால்தான். சாவித்திரி மகத்தான நடிகை. ஆனால் அவருடைய ‘மாயாபஜார்’ நடிப்பைவிட அவருடைய கடைசி நாட்களைப் பற்றித்தான் நம் ஊரில் அதிகம் எழுதியிருக்கிறார்கள். ஆண்களிலும் பாகவதர், சந்திரபாபு என்று வாழ்ந்து கெட்டவர்களுக்கே வாசகர் அதிகம்.

ராஜகுமாரி இதற்கு ஒத்துழைக்கவில்லை. கல்யாணம் செய்துகொள்ளவில்லை, ஆகவே ஏமாற்றிய கணவன் இல்லை. தம்பி முன்னுக்கு வந்தார், குடும்பத்தின் அடுத்த தலைமுறைப் பெண்களும் சினிமாவுக்கு வந்தார்கள். 1963-இல் நடிப்பை நிறுத்தினார், 1999 செப்டம்பரில் இறந்தார். நடுவில் முப்பத்தாறு ஆண்டுகள். அந்த முப்பத்தாறு ஆண்டுகளைத்தான் நம் எழுத்தாளர்கள் ‘யாரையும் சந்திக்காத தனிமை’, ‘கனவு கலைந்த மௌனம்’ என்று நிரப்புகிறார்கள். மயிலாப்பூரில் ஒரு ஹைகோர்ட் ஜட்ஜ் ஓய்வுபெற்று வாசல் கதவைச் சாத்திக்கொண்டு காலை இந்துவும் மாலைக் காபியுமாக முப்பது வருஷம் இருந்தால் அதற்கு யாரும் ஒப்பாரி எழுதுவதில்லை. இருபத்தைந்து ஆண்டு உழைத்தார், கம்பெனி நடத்தினார், தியேட்டர் கட்டினார், போதும் என்று தோன்றியபோது நிறுத்திக்கொண்டார். இதில் விளக்கம் கேட்க வேண்டிய மர்மம் எது என்று, அடுத்த தீபாவளி மலருக்குப் பெருமூச்சோடு தயாராகிக்கொண்டிருக்கிறவர்கள்தான் சொல்ல வேண்டும்.